ஃபெய் மூ: அதிகம் அறியப்படாத சீன இயக்குநர் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

வீட்டுக் கூடத்தில் வெள்ளை வேட்டியைத் திரையாகக் கட்டி, பத்துப் பன்னிரண்டு பேருக்குப் பழைய படங்களைப் போட்டுக் காட்டுவது என் வழக்கம். அதில் நான் அதிக முறை போட்டது 1948-ல் ஷாங்காயில் ஃபெய் மூ எடுத்த 'சிறுநகரில் வசந்தம்'. படம் முடிந்து விளக்கைப் போட்டதும் வந்து விழும் சந்தேகங்கள் பெரும்பாலும் ஒரே மாதிரியானவை. ஒவ்வொரு முறையும் வாயால் சொல்லி அலுத்துப்போனதால் இங்கே எழுதி வைக்கிறேன். கேள்விகளைக் கேட்டவர்கள் கேட்ட தோரணையிலேயே விட்டிருக்கிறேன்.

யார் இந்த ஃபெய் மூ? பெயரையே இன்றைக்குத்தான் கேள்விப்படுகிறேன்.

1906-ல் ஷாங்காயில் பிறந்து, 1951 ஜனவரி 31 அன்று ஹாங்காங்கில் இறந்த சீனத் திரைப்பட இயக்குநர். வாழ்ந்தது 44 ஆண்டுகள். 1933-ல் முதல் படம், 1948-ல் கடைசியாக முடித்த படங்கள். நடுவில் போர் காரணமாகச் சில ஆண்டுகள் கேமராவைத் தொடவே இல்லை. ஆக, தொழிலில் இருந்தது கூட்டிக் கழித்துப் பார்த்தால் பத்து, பன்னிரண்டு ஆண்டுகள்தான்.

பெயரைக் கேள்விப்படாததற்கு நீங்கள் வெட்கப்பட வேண்டியதில்லை. அவருடைய சொந்த நாட்டிலேயே முப்பது ஆண்டுகளுக்கு மேல் அவர் பெயரைச் சொல்ல ஆளில்லை. அந்தக் கதை பின்னால் வருகிறது.

ஃபெய் என்று கூப்பிடுவதா, மூ என்று கூப்பிடுவதா?

சீனர்களுக்குக் குடும்பப் பெயர் முன்னால் வரும். ஃபெய் என்பது குடும்பப் பெயர், மூ என்பது அவருக்கு வைத்த பெயர். சுருக்கமாகச் சொல்ல வேண்டுமானால் 'ஃபெய்' என்று சொல்லுங்கள். 'மூ' என்று மட்டும் சொல்வது, முன்பின் தெரியாத பெரியவரைச் செல்லப் பெயரால் கூப்பிடுவதைப் போல.

சினிமாவுக்கு எப்படி வந்தார்? நாடகக்காரரா?

இல்லை, கணக்கர். பத்து வயதை ஒட்டிக் குடும்பம் பெய்ஜிங்குக்குக் குடிபெயர்ந்தது. அங்கே பிரெஞ்சுப் பள்ளியில் படித்தார், ஆங்கிலமும் கற்றுக்கொண்டார். இரவெல்லாம் படித்துப் படித்தே ஒரு கண்ணின் பார்வை போயிற்று என்று அவரைப் பற்றி எழுதுகிறவர்கள் எல்லோரும் சொல்கிறார்கள். பிறகு ஒரு சுரங்க அலுவலகத்தில் கணக்கு எழுதினார். அந்த வேலைக்கு இடையில் சினிமா விமர்சனம் எழுத ஆரம்பித்தார். நண்பர் ஜூ ஷிலினுடன் சேர்ந்து 'ஹாலிவுட்' என்ற பெயரில் ஒரு சினிமாப் பத்திரிகையும் நடத்தினார்.

அங்கிருந்து லுவோ மிங்யோவ் என்ற திரையரங்கு முதலாளியின் கம்பெனியில் மொழிபெயர்ப்பு வேலை. லுவோ, லியன்ஹுவா என்ற பெரிய படக் கம்பெனியை உருவாக்கியபோது ஃபெய்யையும் ஷாங்காய்க்கு அழைத்துக்கொண்டார். பார்த்துப் பார்த்து, எழுதி எழுதி, பிறகு எடுக்க வந்தவர். அவருடைய படங்களில் பாதியைப் புரிந்துகொள்ள இந்த ஒரு விஷயம் போதும்.

முதல் படங்களை எங்கே பார்க்கலாம்?

எங்கும் பார்க்க முடியாது. 'நகரத்தின் இரவு' (1933), 'வாழ்க்கை' (1934), 'நறுமணப் பனிக்கடல்' (1934) மூன்றுமே அழிந்துவிட்டன. மூன்றிலும் கதாநாயகி ரூவான் லிங்யூ. சீன மௌனப்படக் காலத்தின் மிகப் பெரிய நடிகை அவர். 1935 மார்ச் 8 அன்று, 24 வயதில், தற்கொலை செய்துகொண்டார். ஒரே நடிகையை வைத்து அடுத்தடுத்து எடுத்த மூன்று படங்களில் இன்று மிச்சமிருப்பவை புகைப்படங்களும், அந்தக் காலத்துப் பத்திரிகைகளில் வந்த எழுத்தும்தான். நைட்ரேட் ஃபிலிம் தீப்பிடிக்கும், நொறுங்கும். போரும் குண்டுவீச்சும் வேறு. அந்தத் தலைமுறைச் சீனப் படங்களில் பெரும்பகுதிக்கு இதே கதிதான்.

'காற்று' என்று ஏதோ கொள்கை வைத்திருந்தாராமே, அது என்ன?

'நறுமணப் பனிக்கடல்' வந்த 1934-லேயே அவர் ஒரு சிறு கட்டுரை எழுதினார். படம் பார்க்கிறவனைப் பிடித்து இழுக்க வேண்டுமானால், பாத்திரங்களைச் சுற்றி இருக்கும் 'காற்றை' உண்டாக்க வேண்டும் என்பது அதன் சாரம். அவர் பயன்படுத்திய சீனச் சொல்லுக்கு நேர்ப்பொருளே காற்றுதான். 'சூழல்' என்று மொழிபெயர்த்தால் சொல் கௌரவமாக இருக்கும், ஆனால் உயிர் போய்விடும்.

காற்றை உண்டாக்க நான்கு வழிகளைச் சொல்கிறார். கேமராவின் இயல்பைப் பயன்படுத்துவது ஒன்று. எதைப் படம் எடுக்கிறோமோ அந்தப் பொருளிலிருந்தே எடுப்பது இன்னொன்று. நேராகக் காட்டாமல் பக்கவாட்டில் சொல்வது மூன்றாவது. நான்காவது ஒலி. படிக்கும்போது சாதாரணமாகத் தெரியும். ஆனால் 1934-ல் ஷாங்காயில் எல்லோரும் 'படம் என்ன கருத்தைச் சொல்கிறது' என்று சண்டை போட்டுக்கொண்டிருந்தபோது, இந்த மனிதர் 'படத்துக்குள் மூச்சு விட முடிகிறதா' என்று கேட்டிருக்கிறார். எனக்கு அவர்மேல் மதிப்பு வந்தது படங்களால் அல்ல, முதலில் இந்தக் கட்டுரையால்தான்.

அப்படியானால் 1935-ல் அரசாங்கத்துக்குப் பிரசாரப் படம் எடுத்தது ஏன்?

'தியன்லுன்' படத்தைச் சொல்கிறீர்கள். குடும்ப உறவுகளின் அறம் என்பது தலைப்பின் பொருள். சியாங் கை-ஷேக் அரசு அப்போது 'புதிய வாழ்வு இயக்கம்' என்ற பெயரில் கன்ஃபூசிய ஒழுக்கத்தைப் பரப்பிக்கொண்டிருந்தது. முதலாளி லுவோ அந்த அரசுக்கு நெருக்கமானவர், படத்தில் அவர் பெயரும் இயக்குநராகச் சேர்ந்தே இருக்கிறது. சாகக் கிடக்கும் தகப்பன், 'உன் வீட்டார்மேல் வைக்கும் அன்பை ஊரார்மேலும் வை' என்று சொல்ல, மகன் அதன்படி வாழ்ந்து கடைசியில் கிராமத்தில் ஒரு அனாதை இல்லம் நடத்துகிறான். போதனைதான், மறுக்க முடியாது.

ஆனால் படத்தை ஓட்டிப்பாருங்கள்: ஆட்டு மந்தை, வயல், கிழவரின் நடை ஆகியவற்றை அவர் எடுத்த விதத்தில் போதனை காணாமல் போகிறது. பேச்சு இல்லாத படம். பின்னணிக்குச் சீன வாத்தியங்களை வைத்தே இசை சேர்த்தார்கள். 1936-ல் நியூயார்க்கில் ஓர் அரங்கில் திரையிடப்பட்டது. அமெரிக்காவுக்காக வெட்டிச் சுருக்கிய அந்தப் பிரதிதான் இன்று நமக்குக் கிடைப்பது. முழுப்படத்தைப் பார்த்துவிட்டுத் தீர்ப்புச் சொல்லும் வாய்ப்பு நமக்கு இல்லை.

மாவோவின் மனைவி இவர் படத்தில் நடித்தது உண்மையா?

உண்மை. 1936-ல் வந்த 'ஓநாய் மலையில் ரத்தம்' படத்தில் லான் பிங் என்ற துணை நடிகை வருகிறார். பின்னாளில் ஜியாங் சிங் என்ற பெயரில் கலாசாரப் புரட்சியை நடத்திய அதே பெண்மணிதான். கதாநாயகி லி லிலி.

இந்தத் தகவலோடு எல்லோரும் நின்றுவிடுகிறார்கள், படத்தை மறந்துவிடுகிறார்கள். ஓநாய்கள் ஒரு கிராமத்துக்குள் புகுந்து ஆட்களைக் கொல்கின்றன. சிலர் பயந்து ஒதுங்குகிறார்கள், ஒரு டீக்கடைக்காரர் தாயத்தை நம்புகிறார். கடைசியில் ஊரே திரண்டு வேட்டைக்குக் கிளம்புகிறது. ஓநாய் என்றால் யார் என்று அன்றைக்குப் பார்த்த சிறுவனுக்கும் தெரியும். ஜப்பானின் பெயரைத் திரையில் சொல்லத் தணிக்கை விடாது, அதனால் ஓநாய். மேலே சொன்ன 'பக்கவாட்டில் சொல்வது' இங்கே கொள்கையாக இல்லை, கட்டாயமாக இருந்தது.

கன்ஃபூசியஸ் படம் அறுபது வருடம் எங்கே போயிருந்தது?

1937 நவம்பரில் ஷாங்காய் ஜப்பானியரிடம் விழுந்தது. ஆனால் நடுவில் இருந்த வெளிநாட்டுக் குடியிருப்புப் பகுதிகள் மட்டும் 1941 டிசம்பர் வரை தப்பித்திருந்தன. 'அனாதைத் தீவு' என்று அந்தக் காலத்தைச் சொல்வார்கள். அங்கே ஜின் ஷின்மின் என்ற இளம் தயாரிப்பாளர் மின்ஹுவா என்ற கம்பெனி தொடங்கி, ஃபெய்யிடம் 'கன்ஃபூசியஸ்' படத்தை ஒப்படைத்தார். மற்றவர்கள் ஒரு வாரத்தில் ஒரு படத்தைச் சுருட்டிக் கொடுத்த காலம். இவர் ஒரு வருடம் எடுத்துக்கொண்டார். செலவு 1,60,000 யுவானைத் தொட்டது. 1940 டிசம்பரில் வெளியானது. 1948-ல் வெட்டித் திருத்தி மறுபடி வெளியிட்டார்கள். அதன்பிறகு படமே காணாமல் போயிற்று.

2001-ல் பெயர் சொல்ல விரும்பாத ஒருவர் ஹாங்காங் திரைப்பட ஆவணக் காப்பகத்துக்கு ஒரு நைட்ரேட் பிரதியைக் கொடுத்தார். சீர்ப்படுத்தி 2009-ல் ஹாங்காங் திரைப்பட விழாவில் காட்டினார்கள். எந்த இடத்தில் சேர்ப்பது என்று தெரியாமல் சுமார் ஒன்பது நிமிடத் துண்டுகள் முதலில் தனியாக நின்றன.

படம் எப்படி என்றும் கேட்பீர்கள். விறைப்பாக இருக்கிறது. ஆட்கள் நிற்கிறார்கள், பேசுகிறார்கள், வணங்குகிறார்கள். ஆனால் அந்தக் கன்ஃபூசியஸ் தெய்வம் அல்ல. போர் நடக்கும் நாட்டில் யாரும் கேட்காத யோசனையைச் சொல்லிக்கொண்டு ஊர் ஊராக அலைந்து, சீடர்களை ஒவ்வொருவராகப் பறிகொடுக்கும் கிழவர். சுற்றி எரிகிற ஊரின் நடுவில் உட்கார்ந்து எடுத்த படம் என்று நினைத்துக்கொண்டு பாருங்கள்.

போர்க்காலத்தில் சும்மா இருந்தாரா?

படம் எடுக்கவில்லை, அவ்வளவுதான். 1941 டிசம்பருக்குப் பிறகு ஷாங்காய் சினிமா முழுவதும் ஜப்பானியர் கைக்குப் போனது. அவர் சினிமாவை விட்டு நாடகத்துக்குப் போய்விட்டார். 1942-ல் ஹுவாங் ஜுவோலின், கு ஜோங்யி இருவரோடு சேர்ந்து அவர் இயக்கிய 'சியூ ஹாய்தாங்' நாடகம் மாதக்கணக்கில் அரங்கு நிறைந்து ஓடியது.

ஆபரா படங்களையும் எடுத்திருக்கிறாரே. மேடையை அப்படியே படம் பிடிப்பதில் என்ன இருக்கிறது?

அப்படியே படம் பிடிக்கக் கூடாது என்பதுதான் அவருடைய தலைவலியே. பெய்ஜிங் ஆபரா என்பது பாட்டும் நடிப்பும் கலந்த சீன மேடை நாடகம். அதில் கதவு இருக்காது, நடிகர் கதவைத் திறப்பதாகக் கைகாட்டுவார். குதிரை இருக்காது, சாட்டை மட்டும் இருக்கும். சினிமாவிலோ கல் என்றால் கல், மரம் என்றால் மரம். இரண்டையும் ஒரே சட்டகத்தில் வைத்தால் ஏதோ ஒன்று பொய்யாகத் தெரியும். 1937-ல் ஜோவ் ஷின்ஃபாங் நடித்த ஆபராப் படத்தை மேற்பார்வையிட்ட நாளிலிருந்து இந்த முடிச்சை அவிழ்த்துப் பார்த்துக்கொண்டே இருந்தார்.

1948-ல் மெய் லான்ஃபாங்கை வைத்து 'வாழ்விலும் சாவிலும் வருத்தம்' எடுத்தார். சீனாவின் முதல் வண்ணப்படம் இதுதான். மெய், பெண் வேடத்தில் உலகப் புகழ் பெற்ற ஆண் நடிகர், அப்போது வயது ஐம்பதைத் தாண்டிவிட்டது. மேடையில் நாயகி பிடிப்பது சின்னதொரு நூற்புச் சக்கரம். ஃபெய் அதை எடுத்துவிட்டு, பெரிய அசல் தறியைக் கொண்டுவந்து வைத்தார். தறி அசல், அதில் உட்கார்ந்து பாடுகிறவரின் கையசைவு மேடை மரபு. அவர் கண்டுபிடித்த சமரசம் அது. வண்ணம் மட்டும் காலை வாரிவிட்டது. 16 மில்லிமீட்டர் ஃபிலிமில் எடுத்ததைப் பெரிதாக்கியபோது நிறமும் ஒலியும் எதிர்பார்த்தபடி வரவில்லை. இருவருக்கும் மனக்குறைதான்.

'சிறுநகரில் வசந்தம்' கதை இவ்வளவுதானா? ஒன்றுமே நடக்கவில்லையே!

இதைக் கேட்காமல் ஒருவரும் எழுந்து போனதில்லை. கதை இது: போரில் இடிந்த பழைய வீடு. நோயாளிக் கணவன் லியான். மருந்து வாங்கி வருவதும் கோட்டைச் சுவர்மேல் தனியே நடப்பதுமாகக் காலம் தள்ளும் மனைவி யூவென். கணவனின் தங்கை, ஒரு வயதான வேலைக்காரர். கணவனின் பழைய நண்பன், டாக்டர் ஜிசென், பத்து வருடம் கழித்து வருகிறான். யூவென் அவனுடைய முன்னாள் காதலி என்பது கணவனுக்குத் தெரியாது. சில நாள் தங்குகிறான். போய்விடுகிறான். மொத்தம் ஐந்தே பாத்திரங்கள்.

நடப்பதெல்லாம் பக்கவாட்டில் நடக்கிறது. டாக்டர் வந்த அன்று இரவுக் காட்சியை மறுபடி போட்டுப் பாருங்கள். தங்கை விருந்தாளிக்காகப் பாடுகிறாள். யூவென் கணவனுக்கு மருந்து கொடுக்கிறாள், படுக்கையைச் சரிசெய்கிறாள். கேமரா வெட்டாமல் அங்கும் இங்கும் மெல்லத் திரும்புகிறது. பாட்டைக் கேட்கிறவனின் பார்வை பாடுகிறவளிடம் நிற்கவில்லை. கணவன் மட்டும் நிம்மதியாக இருக்கிறான். ஒரு வசனமும் இல்லாமல் நான்கு பேரின் நிலையையும் சொல்லியாகிவிட்டது. பிறகு தங்கையின் பதினாறாம் பிறந்தநாளில் எல்லோரும் குடிக்கிறார்கள். மனைவி இப்படிச் சிரித்து விளையாடி லியான் பார்த்ததே இல்லை. அந்தச் சிரிப்பைப் பார்க்கும் அவன் முகத்தில் எல்லாம் புரிந்துவிடுகிறது. அன்றிரவு யூவென் டாக்டரின் அறைக்குப் போகிறாள். அவன் அவளை உள்ளே விட்டுக் கதவைப் பூட்டி வெளியே நிற்கிறான். அவள் கண்ணாடியைக் கையால் உடைக்கிறாள். ஒன்றுமே நடக்கவில்லை என்று இனி சொல்லாதீர்கள்.

அந்தப் பெண், தான் இல்லாத இடத்தில் நடந்ததையெல்லாம் எப்படிச் சொல்கிறாள்? இயக்குநரின் தவறா?

நல்ல கண் உங்களுக்கு. தொடக்கத்தில் யூவெனின் குரல் கதை சொல்கிறது. ஜிசென் ரயிலிறங்கி நடந்து வருவதையும் அவளே சொல்கிறாள், 'அவன் வருவான் என்று எனக்கு எப்படித் தெரியும்' என்ற தொனியில். பார்க்காத ஒன்றை, பார்த்த மாதிரியும் தெரியாத மாதிரியும் ஒரே மூச்சில் சொல்கிறாள். சில இடங்களில் திரையில் நாம் கண்ணால் பார்ப்பதையே திரும்பச் சொல்கிறாள்.

தவறாக எனக்குப் படவில்லை. படம் தொடங்குவதே ஜிசென் ஊரைவிட்டுப் போகும் காட்சியில்தான். எல்லாம் முடிந்தபின் கோட்டைச் சுவர்மேல் நின்று நினைத்துப் பார்க்கிறவளின் குரல் அது. எத்தனை முறை மனதுக்குள் ஓட்டிப் பார்த்திருந்தால், தான் பார்க்காததையும் பார்த்ததாகச் சொல்ல முடியும்! டாக்டர் வீட்டுக்குள் வந்தபிறகு அந்தக் குரல் குறைந்துகொண்டே போவதையும் கவனியுங்கள். பேச ஆள் வந்துவிட்டது, தனக்குத்தானே பேச வேண்டிய தேவை இல்லை.

கதை யாருடையது? ஃபெய்யே எழுதியதா?

லி தியன்ஜி என்ற இளம் எழுத்தாளருடையது. முதலில் அவர் வைத்த பெயர் 'கசந்த காதல்'. ஃபெய் அதில் மூன்றில் ஒரு பங்கை வெட்டச் சொன்னார். சோங் காலக் கவி சூ ஷி, வசந்தம் வடிந்துபோவதைப் பாடிய ஒரு செய்யுளின் மனநிலைதான் படம் முழுக்க இருக்க வேண்டும் என்று விரும்பினார். நாயகியாக நடித்த வெய் வெய்க்கு அவர் கொடுத்த வழிகாட்டல், 'உணர்வில் தொடங்கு, முறைமையில் நின்றுவிடு' என்ற பழைய சீன வாசகம். நடிப்புக்கு இதைவிடச் சுருக்கமான பாடம் எனக்குத் தெரியாது. வெளிப்புறக் காட்சிகளுக்கு ஷாங்காய்க்கு அருகே சோங்ஜியாங்கின் இடிந்த சுவர் கிடைத்தது.

வெளியானபோது ஏன் எடுபடவில்லை?

1948 செப்டம்பர். உள்நாட்டுப் போர் உச்சத்தில் இருந்தது. ஆகஸ்டில்தான் பழைய நாணயத்தை ஒழித்துத் தங்க யுவானைக் கொண்டுவந்திருந்தார்கள், அதுவும் காற்றில் பறக்க ஆரம்பித்துவிட்டது. அரிசி வாங்கப் பணத்தைக் கட்டுக்கட்டாகத் தூக்கிப்போன மக்களிடம், ஒரு நடுத்தரக் குடும்பத்துப் பெண்ணின் மனத்தாங்கலைக் காட்டினால் எப்படி இருக்கும்? இடதுசாரி விமர்சகர்கள் 'நோய்பிடித்த படம், காலத்துக்கு ஒவ்வாதது' என்றார்கள். முந்தைய ஆண்டு வந்து ஊரையே அழவைத்த 'வசந்த ஆறு கிழக்கே பாய்கிறது' போன்ற படங்களோடு இதை வைத்துப் பார்த்தார்கள்.

ஃபெய்யும் தன் படத்தைத் தலையில் தூக்கிவைத்துக்கொள்ளவில்லை. பழைய சீனத்தின் சாம்பல் நிற மனநிலையைக் காட்ட நீண்ட ஷாட்டுகளையும் மெதுவான அசைவையும் வைத்துத் துணிந்து ஒரு சோதனை செய்தேன், படம் சோர்வாக வந்துவிட்டது என்ற பொருளில் அப்போதே எழுதினார். இன்றைக்குக் கொண்டாடுகிறவர்கள் இதைச் சொல்வதில்லை.

கம்யூனிஸ்டுகள் தடை செய்தார்களா? அதனால்தான் ஹாங்காங்குக்கு ஓடினாரா?

'ஓடினார்' என்ற சொல் பொருந்தாது. 1949-ல் ஷாங்காயிலிருந்து ஹாங்காங்குக்குப் போனார். அங்கே பழைய பத்திரிகைத் தோழர் ஜூ ஷிலினோடு சேர்ந்து லோங்மா என்ற கம்பெனியைத் தொடங்கினார். நாடோடி வித்தைக்காரர்களைப் பற்றிய 'ஜியாங்ஹு பிள்ளைகள்' கதையில் வேலை செய்துகொண்டிருந்தபோது மாரடைப்பு. ஜூ ஷிலின்தான் அதை முடித்து 1952-ல் வெளிக்கொண்டுவந்தார்.

சீனாவில் நடந்தது தடையைவிட மோசமானது: புறக்கணிப்பு. 'சிறுநகரில் வசந்தம்' படத்தை, வர்க்கப் போராட்டம் இல்லாத படம் என்று ஒரு முத்திரை குத்தி ஓரம்கட்டிவிட்டார்கள். வரலாற்று நூல்களில் கடிந்துகொள்ள மட்டும் பெயர் வந்தது. 1980-களின் தொடக்கத்தில் பழைய சீனப் படங்களை இத்தாலியிலும் ஹாங்காங்கிலும் திரையிட்டபோதுதான் பெட்டியிலிருந்து மறுபடி வெளிவந்தது. 2005-ல் ஹாங்காங் திரைப்பட விருதுக் குழு நூறு சிறந்த சீனப் படங்களைத் தேர்ந்தெடுத்தது. முதலிடம் 'சிறுநகரில் வசந்தம்'. இன்றைய சீன இயக்குநர் ஜியா ஜாங்கே தன் 2018-ஆம் ஆண்டுப் படத்துக்கு வைத்த சீனப் பெயர், ஃபெய் முடிக்காமல் விட்ட அதே 'ஜியாங்ஹு பிள்ளைகள்'.

2002-ல் வண்ணத்தில் ஒன்று வந்திருக்கிறதே, அதைப் பார்த்தால் போதாதா?

'சிறுநகரில் வசந்தம்' படத்தைச் சீன இயக்குநர் தியன் ஜுவாங்ஜுவாங் மறுபடி எடுத்தது அது. பத்து வருடம் படம் எடுக்க முடியாமல் இருந்தவர், மூத்தவருக்கு மரியாதையாக எடுத்த படம். வெனிஸ் விழாவில் பரிசும் வாங்கியது. லி பிங்பின்னின் ஒளிப்பதிவு கண்ணை எடுக்கவிடாது. ஆனால் யூவெனின் குரலை அவர் எடுத்துவிட்டார். மேலே அந்தக் குரலைப் பற்றி இவ்வளவு நேரம் பேசியிருக்கிறேனே, அது இல்லாத படத்தில் நாம் யூவெனை வெளியே நின்று பார்க்கிறோம்.

இரண்டையும் பாருங்கள், ஆனால் 1948 படத்தை முதலில். இணையத்தில் தேடினால் ஆங்கில சப்டைட்டிலோடு கிடைக்கும், ஒன்றரை மணி நேரம்தான். மங்கலான பிரதியாக இருந்தால் விட்டுவிட்டு வேறு தேடுங்கள். நள்ளிரவில் மின்சாரம் நின்று, யூவென் மெழுகுவத்தியோடு நிற்கும் காட்சியில் கறுப்பு கறுப்பாக இருக்க வேண்டும். அங்கே சாம்பல் தெரிந்தால் பிரதி சரியில்லை.